நுரையீரலில் ஒரு புள்ளி: உங்கள் வீட்டு அனுபவத்தை எழுதுங்கள்

கரிசல்மகன், கோவில்பட்டி

அப்பாவுக்கு 66 வயது. குடலிறக்க ஆபரேஷனுக்கு ஃபிட்னஸ் பார்க்கும்போது எக்ஸ்ரேயில் ஏதோ நிழல் தெரிகிறது, எதற்கும் சி.டி. எடுத்துவிடுங்கள் என்றார்கள். எடுத்தோம். எக்ஸ்ரேயில் தெரிந்தது விலா எலும்பின் நிழல்தான், ஒன்றுமில்லை. ஆனால் யாரும் தேடாத இன்னொரு இடத்தில், வலது நுரையீரலின் மேல்மடலில், 7 மி.மீ. அளவில் ஒரு நாட்யூல், அதாவது சின்ன உருண்டைப் புள்ளி. புற்றுநோய் இல்லை என்று உறுதியாகச் சொல்ல முடியாது என்கிற பொருளில் ரிப்போர்ட்டின் கடைசியில் ஒரு வரி. வீடே கலங்கிவிட்டது.

அன்றைக்கே சொந்தக்காரர்கள் இரண்டு கட்சியானார்கள். உடனே ஊசி போட்டு சதை எடுத்துப் பார்த்துவிட வேண்டும் என்றார் பெரியப்பா. ஊசி பட்டால் பரவிவிடும், தொடவே கூடாது என்றார் அத்தை. நெஞ்சக மருத்துவர் இரண்டையும் கேட்டுக்கொண்டு, படத்தைத் திரையில் திறந்து வைத்துப் பேசினார். 3 செ.மீ. வரை இருந்தால்தான் நாட்யூல், அதைத் தாண்டினால் மாஸ் என்பார்கள். தற்செயலாக ஸ்கேனில் அகப்படும் நாட்யூல்களில் நூற்றுக்குத் தொண்ணூற்றைந்து அளவுக்குப் புற்று கிடையாது. 6 மி.மீ.க்குக் கீழே இருந்தால் வாய்ப்பு ஒரு சதவீதத்துக்கும் குறைவு. அப்பா பல வருடம் பீடி குடித்தவர், புள்ளி இருப்பதும் மேல்மடலில். இரண்டுமே கணக்கைக் கொஞ்சம் கூட்டும். அதனால் விட்டுவிடவும் முடியாது. ஆனால் இவ்வளவு சிறியதில் ஊசியைச் சரியாக நிறுத்துவது கஷ்டம். சர்க்கரை மருந்து செலுத்தி, அதை வேகமாக இழுக்கும் இடத்தைப் பளிச்சென்று காட்டும் பெட் ஸ்கேனையும் 8 மி.மீ.க்குக் கீழே நம்ப முடியாது. ஆறு மாதம் கழித்து இன்னொரு சி.டி. எடுப்போம் என்றார்.

அப்பா கேட்டது ஒரே கேள்விதான். "அதுவரைக்கும் அது சும்மா இருக்குமா டாக்டர்?" அவர் சொன்ன பதில் எங்கள் எல்லாரையும் ஆற்றியது. இந்த மாதிரி கெட்டியான புள்ளி புற்றாகவே இருந்தாலும், அதன் கன அளவு இரட்டிப்பாக பொதுவாக 100 முதல் 400 நாள் வரை ஆகும். பத்து நாளில் திரும்ப எடுத்தால் ஒன்றும் தெரியாது. ஆறு மாதத்தில் வளர்ச்சி இருந்தால் தெரியும், அப்போதும் அது குணப்படுத்தக்கூடிய அளவில்தான் இருக்கும். அந்த ஆறு மாதம் அலட்சியத்தால் வைத்த தவணை இல்லை என்று புரிந்தது.

ஆறு மாதம் கழித்து எடுத்தோம். அதே 7 மி.மீ. இன்னும் ஒரு வருடம் கழித்து மறுபடி வரச் சொல்லியிருக்கிறார். உங்களில் யாருக்காவது, அல்லது உங்கள் வீட்டில் யாருக்காவது இப்படி வந்திருந்தால், நல்லபடியாக முடிந்திருந்தாலும் இல்லாவிட்டாலும் எழுதுங்கள். இரண்டும் வேண்டும்.

ஓய்வுபெற்ற ஆசிரியர், கும்பகோணம்

தம்பி, எனக்கு 9 மி.மீ. சொன்னார்கள். எழுபதுகளின் கடைசியில் எனக்கு டி.பி. வந்து, ஸ்ட்ரெப்டோமைசின் ஊசி போட்டு, வீட்டில் இருந்தபடியே குணமானவன். அந்த நாளில் அப்படி வீட்டில் வைத்துப் பார்க்க முடிந்ததே சென்னைக்காரர்கள் செய்த ஆய்வின் புண்ணியம். சானடோரியத்தில் படுக்க வைத்துப் பார்ப்பதற்கும் வீட்டில் மருந்து கொடுப்பதற்கும் பலனில் வித்தியாசம் இல்லை என்று உலகத்துக்குக் காட்டியது 1956 இல் சென்னையில் தொடங்கிய ஆராய்ச்சிதான்.

டாக்டர் கம்ப்யூட்டரில் படத்தின் வெளிச்சத்தை மாற்றி மாற்றிக் காட்டினார். நுரையீரல் முழுக்கக் கறுப்பாகிவிட்டது. விலா எலும்பும் என் புள்ளியும் மட்டும் ஒரே வெண்மையில் நின்றன. "உள்ளே முழுசும் சுண்ணாம்பு படிந்திருக்கிறது சார், பழைய டி.பி. ஆறின தழும்பு" என்றார். புள்ளி முழுக்கவோ, நட்ட நடுவிலோ, வளையம் வளையமாகவோ, பாப்கார்ன் பொரிந்தாற்போலவோ சுண்ணாம்பு இருந்தால் கெட்டது இல்லையாம். ஓரத்தில் கோணலாகக் கொஞ்சம் படிந்திருந்தால் அந்த ஆறுதல் கிடையாது என்றும் சொன்னார். என் பீரோவில் கிடந்த பழைய எக்ஸ்ரேயைக் கொண்டுபோய் விளக்குப் பெட்டியில் மாட்டினோம். அதே இடத்தில் அதே புள்ளி. மறு ஸ்கேன் கூட வேண்டாம் என்று அனுப்பிவிட்டார்.

சின்சினாட்டி தமிழன், ஓஹையோ

எனக்கும் தற்செயல்தான். சிறுநீரகக் கல்லுக்கு எடுத்த வயிற்று ஸ்கேனின் மேல் ஓரத்தில் நுரையீரலின் அடிப்பகுதி தெரிந்தது, அதில் 8 மி.மீ. இந்த ஊரில் யாரும் அதிர்ச்சி அடையவில்லை. ஓஹையோ, மிசிசிப்பி ஆற்றுப் பள்ளத்தாக்கு மண்ணில் ஹிஸ்டோபிளாஸ்மா என்ற பூஞ்சை இருக்கிறது. பறவை, வௌவால் எச்சம் விழுந்த மண்ணிலிருந்து மூச்சோடு உள்ளே போய்ப் பலருக்கு இப்படித் தழும்பை விட்டுவிடும். எனக்கு மண்ணீரலிலும் சின்னச் சின்ன சுண்ணாம்புப் புள்ளிகள் இருந்தது அந்தப் பக்கம் கைகாட்டியது.

புள்ளி புற்றாக இருக்கும் வாய்ப்பைச் சொல்ல, 1997 இல் இங்குள்ள மேயோ கிளினிக் மருத்துவமனையில் உருவாக்கிய கணக்கை மருத்துவர் போட்டுக் காட்டினார். வயது, புகைப்பழக்கம், முன்பு வேறு புற்று இருந்ததா, அளவு, விளிம்பில் முள் போல நீட்டிக்கொண்டிருக்கிறதா, மேல்மடலா என்ற ஆறு விவரங்கள். நான் நாற்பதுகளில் இருப்பவன், புகைத்ததில்லை, புள்ளி கீழ்மடலில் வழவழப்பாக இருந்தது. இரண்டு சதவீதத்துக்கும் கீழே வந்தது.

இன்னொன்றும் சொன்னார். 2011 இல் இங்கே ஒரு பெரிய ஆய்வு வெளியானது. அதிகம் புகைத்த 53,000 பேருக்கு மேல் எடுத்து, பாதிப் பேருக்குக் குறைந்த கதிர் சி.டி., மீதிப் பேருக்கு எக்ஸ்ரே. சி.டி. எடுத்தவர்களிடம் நுரையீரல் புற்றுச் சாவு 20 சதவீதம் குறைந்தது. அதே சி.டி.யில் சந்தேகம் என்று குறித்த முடிவுகளில் 96 சதவீதத்துக்கு மேல் கடைசியில் புற்று இல்லை. அவ்வளவு புகைத்தவர்களிடமே அப்படி.

நூல்மில் ஊழியர், திருப்பூர்

எங்கள் கதையையும் சேர்த்துக்கொள்ளுங்கள். மாமனாருக்கு 18 மி.மீ. பெட் ஸ்கேனில் பளிச்சென்று எரிந்தது. எரிந்தாலே புற்றுதான் என்று முதலில் பார்த்த இடத்தில் முடிவாகவே சொல்லிவிட்டார்கள். மாமியார் அன்றைக்குப் படுத்தவர்தான்.

இரண்டாவதாகப் பார்த்த மருத்துவர், சதைப் பரிசோதனை இல்லாமல் எதுவும் சொல்ல மாட்டேன் என்றார். பெட்டில் போடும் சர்க்கரையை வேகமாகத் தின்னும் எதுவும் எரியும், டி.பி. கிருமி இருக்கும் இடமும் எரியும். உலகத்து டி.பி. நோயாளிகளில் நாலில் ஒருவர் இந்தியாவில் இருக்கும்போது, இங்கே எரிவதை மட்டும் வைத்துத் தீர்ப்புச் சொல்லக் கூடாது என்பது அவர் கட்சி. சி.டி. மேஜையில் குப்புறப் படுக்க வைத்து, மரத்துப்போக ஊசி போட்டு, மூச்சை அடக்கச் சொல்லிச் சொல்லி ஊசியை உள்ளே செலுத்தினார்கள். முடிந்ததும் சில மணி நேரம் படுக்க வைத்து, நுரையீரலைச் சுற்றிக் காற்றுக் கசிந்திருக்கிறதா என்று எக்ஸ்ரே எடுத்துப் பார்த்தார்கள். கொஞ்சம் கசிந்திருந்தது, தானே சரியாகிவிட்டது.

டி.பி. என்று வந்தது. ஆறு மாதம் அரசு ஆஸ்பத்திரி மாத்திரை, காசு எதுவும் இல்லை. புள்ளி இப்போது பாதியாகச் சுருங்கிவிட்டது.

கொல்லிமலைச்சாரல், சென்னை

மற்றவர்கள் நல்ல செய்தி எழுதியிருக்கிறீர்கள், சந்தோஷம். எங்கள் அம்மாவுக்குப் புற்றுதான். ஆனாலும் இது பயமுறுத்த எழுதுவது இல்லை.

அம்மா நாமக்கல் பக்கத்தில் கிராமம். வாழ்நாளில் பீடி சிகரெட்டைத் தொட்டதில்லை. விறகடுப்புப் புகையில் மட்டும் பாதி ஆயுள் போயிருக்கிறது. 2021 இல் கொரோனாவுக்கு எடுத்த சி.டி.யில் இரண்டு பக்கமும் பனி படர்ந்தது போல இருந்தது. மூன்று மாதத்தில் எல்லாம் கரைந்துவிட்டது, இடது மேல்மடலில் ஒன்று மட்டும் கரையவில்லை. 16 மி.மீ. பெரும்பகுதி மங்கல், நடுவில் ஒரு கெட்டித் துளி. மங்கலாக இருந்தால் சளியாக இருக்கும், பயப்படாதீர்கள் என்று தெரிந்தவர்கள் எல்லாரும் சொன்னார்கள். எங்கள் மருத்துவர் மட்டும், மூன்று மாதத்துக்கு மேல் கரையாத மங்கலை விடக் கூடாது என்று பிடியாக இருந்தார். அளவைவிட அந்த நடுத்துளியைத்தான் ஒவ்வொரு முறையும் அளந்தார். அது 4 மி.மீ.யிலிருந்து 7 ஆனபோது, இனிக் காத்திருக்க வேண்டாம் என்றார்.

பெட் எடுத்தோம். அனேகமாக எரியவே இல்லை. திருப்பூர்க்காரர் வீட்டில் எரிந்தும் புற்று இல்லை. எங்கள் வீட்டில் எரியாமலே புற்று. மெதுவாக வளரும் இந்த வகை அவ்வளவாகச் சர்க்கரை தின்னாதாம். புகைக்காத பெண்களுக்கு வருவது பெரும்பாலும் அடினோகார்சினோமா என்ற நுரையீரல் புற்று வகை, அதில் இப்படி மங்கலாகத் தொடங்குவது உண்டு. பெட்டில் எரியவில்லை என்று நாங்கள் நிம்மதியாகத் திரும்பியிருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று இன்றும் நினைப்பேன்.

சிறுதுளை வழியாக அந்த மடலை எடுத்தார்கள். நிணநீர்க் கணுக்களில் எதுவும் இல்லை, முதல் நிலை. கீமோ தேவைப்படவில்லை. பெண்கள் இருக்கும் வீடுகளுக்கு ஒரு வேண்டுகோள்: "அவர் சிகரெட்டே குடிக்கவில்லையே" என்ற ஒரு காரணத்துக்காகத் தவணை ஸ்கேனைத் தள்ளிப்போடாதீர்கள்.

சி.டி. டெக்னீஷியன், மதுரை

படம் எடுப்பவன் என்ற முறையில் கொஞ்சம். நான் மருத்துவர் இல்லை, நோயைப் பற்றிச் சொல்ல மாட்டேன். அளவைப் பற்றிச் சொல்கிறேன்.

"போன தடவை 6 இருந்தது, இப்போது 7 ஆகிவிட்டது" என்று அழுதுகொண்டு வருவார்கள். ஒரு மி.மீ. என்பது மூச்சை எவ்வளவு இழுத்தார், யார் அளந்தார் என்பதிலேயே மாறிப்போகும். பொதுவாக 2 மி.மீ. கூடினால்தான் வளர்ச்சி என்று எடுப்பார்கள். அதற்காக 2 மி.மீ.யைச் சின்னது என்று நினைத்துவிடாதீர்கள். 8 மி.மீ. உருண்டை 10 ஆனால் அதன் கன அளவு கிட்டத்தட்ட இரண்டு மடங்கு.

முடிந்தவரை ஒரே சென்டரில் எடுங்கள். தவணை ஸ்கேனுக்கு டை ஊசி தேவையில்லை, குறைந்த கதிரில் எடுக்கலாமா என்று டாக்டரிடம் கேளுங்கள். ஒரு மி.மீ. மெல்லிய துண்டுகளாக எடுத்த படம் வேண்டும், 5 மி.மீ. துண்டில் சின்னப் புள்ளி மழுங்கிவிடும். அப்புறம் முக்கியமானது, ஸ்கேன் படங்களைப் பதிந்து கொடுக்கும் குறுந்தட்டு. ரிப்போர்ட் தாளை லேமினேஷன் செய்து வைப்பார்கள், தட்டை எங்கேயோ போட்டுவிடுவார்கள். டாக்டருக்கு வேண்டியது தட்டுதான். இரண்டு வருடத்துக்கு முந்தைய படத்தில் ஒரு கெட்டிப் புள்ளி அதே அளவில் இருந்தது என்றால், பெரும்பாலும் அந்த இடத்திலேயே விசாரணை முடிந்துவிடும். மங்கல் வகைக்கு மட்டும் ஐந்து வருடம் வரை பார்ப்பார்கள், அது மெதுவாக நகரும் என்பதால்.

கரிசல்மகன், கோவில்பட்டி

எல்லாருக்கும் நன்றி. கொல்லிமலைச்சாரல் அக்கா, ஒன்று கேட்கலாமா? அம்மாவுக்கு ஊசி போட்டுப் பார்க்காமல் நேராக ஆபரேஷனா?

கொல்லிமலைச்சாரல், சென்னை

ஆமாம் தம்பி. நாங்களும் அதைத்தான் கேட்டோம். மங்கல் பகுதியில் ஊசி பட்டு "ஒன்றுமில்லை" என்று வந்தால் அதை நம்ப முடியாது, எப்படியும் எடுக்கத்தான் வேண்டியிருக்கும் என்றார்கள். மயக்கம் கொடுத்து முதலில் அந்தத் துண்டை மட்டும் வெட்டி லேபுக்கு அனுப்பினார்கள். உறைய வைத்துப் பார்க்கும் சோதனை, அரை மணி நேரத்தில் பதில் வந்தது. புற்று என்று உறுதியான பிறகுதான் மடலை எடுத்தார்கள். இல்லை என்று வந்திருந்தால் அதோடு தைத்து முடித்திருப்பார்கள். இதை முன்கூட்டியே அம்மாவிடம் சொல்லிக் கையெழுத்து வாங்கினார்கள். அத்தையிடம் சொல்லுங்கள், ஊசி பட்டுப் பரவுவது மிக மிக அரிது என்றுதான் எங்களிடமும் சொன்னார்கள். அப்பாவின் அடுத்த ஸ்கேனுக்கு முதல் இரண்டு தட்டுகளையும் எடுத்துப் போங்கள்.