ஊட்டிப் புல்வெளியில் மரம் நடலாமா?

திருப்பூர்_பசுமை:
வருடாவருடம் மரம் நடும் குழு நாங்கள். இந்த ஜூனில் ஊட்டி பக்கம் நடலாம் என்று ஆசை. பைக்காரா போகும் வழியில் ஷூட்டிங் மட்டம் பக்கமெல்லாம் மொட்டையாகக் கிடக்கிறதே, அங்கே நட யாரிடம் அனுமதி கேட்பது? குறிஞ்சிச் செடி ஒன்றை வேரோடு கொண்டுவந்து வீட்டில் வைக்கலாமா என்றும் ஒரு நண்பர் கேட்கிறார்.

கோத்தகிரிவாசி:
தம்பி, நல்ல மனசோடுதான் கேட்கிறீர்கள், ஆனால் அங்கே ஒரு கன்றுகூட வைக்காதீர்கள். அது மரம் வெட்டி மொட்டையான இடம் இல்லை. பள்ளத்தில் சோலை, மேட்டில் புல், மேல்மலை பல்லாயிரம் ஆண்டுகளாக இப்படித்தான் இருக்கிறது. வெள்ளைக்காரன் காலத்திலும் சரி, சுதந்திரத்துக்கு அப்புறமும் சரி, தரிசு என்று சொல்லித்தான் சீகை என்கிற வாட்டில் மரம், கற்பூரமரம் என்கிற யூகலிப்டஸ், பைன் எல்லாம் நட்டார்கள். சீகையை வெட்டினாலும் மண்ணில் கிடக்கும் விதை பல வருடம் கழித்தும் முளைக்கும். முக்குருத்தியில் வரையாடு மேய்வது இந்தப் புல்லில்தான், தோடர்கள் கோயில் கூரை வேயும் புல்லும் இங்கே சதுப்பில்தான் வளர்கிறது.

மலைப்பூ_படங்கள்:
மழையில் ஆகஸ்ட், செப்டம்பர் வாக்கில் வந்து மண்டிபோட்டுப் பாருங்கள். சாட்டிரியம் என்ற தரை ஆர்க்கிட், ஒரே தண்டில் இளஞ்சிவப்புப் பூக்கள் நெருக்கமாக, ஒவ்வொன்றின் பின்னாலும் இரண்டு சின்னக் கொம்பு. ஈரமான இடத்தில் அழுகண்ணி, அதன் இலையெல்லாம் பிசுபிசுவென்று துளிகள், சின்னப் பூச்சி ஒட்டினால் அவ்வளவுதான். மேலே மர நிழல் விழுந்தால் இதெல்லாம் போச்சு.

குறிஞ்சியைத் தொடவே வேண்டாம். 2022 வனவிலங்குச் சட்டத் திருத்தத்துக்கு அப்புறம் அது பாதுகாக்கப்பட்ட செடி, பிடுங்கினால் 3 ஆண்டு வரை சிறை. 12 வருடம் காத்திருந்து ஒரே ஒருமுறை பூத்து, விதை போட்டுச் செத்துப்போகிற செடி அது. திருப்பூர் வெயிலில் நிற்கவும் நிற்காது.

கொடை_மேல்மலை:
எங்கள் பழனிமலையில் 1973இல் இருந்த புல்வெளியில் சுமார் மூன்றில் இரண்டு பங்கு 2014க்குள் போய்விட்டது, செயற்கைக்கோள் படங்களை வைத்துக் கணக்கெடுத்திருக்கிறார்கள். பெரும்பாலும் சீகையும் பைனும்தான் விழுங்கின. 2018இல் குறிஞ்சி பூத்தபோது மிச்சம் இருந்த சரிவுகளில்தான் பார்க்க முடிந்தது. உழைக்க ஆசை இருந்தால் சீகைக் கன்று பிடுங்க வாருங்கள். மழையில் மண் இளகியிருக்கும்போது சின்னக் கன்று கையோடு வந்துவிடும். ஆனால் காப்புக்காடு, வனத்துறை அனுமதி இல்லாமல் இறங்கக் கூடாது.

திருப்பூர்_பசுமை:
ரொம்ப நன்றி அண்ணா. கன்றுகளை எங்கள் ஊர்க் குளக்கரையிலேயே வைத்துவிடுகிறோம். சீகை பிடுங்க ரேஞ்சருக்கு எழுதவா, மாவட்ட வன அலுவலருக்கா (டி.எஃப்.ஓ.)?

கோத்தகிரிவாசி:
டி.எஃப்.ஓ.வுக்கு எழுதி ரேஞ்சருக்கு ஒரு நகல் கொடுங்கள். எத்தனை பேர், என்ன தேதி என்று தெளிவாகப் போடுங்கள்.