ரேடியோநியூக்ளைடு ஜெனரேட்டருக்குத் தமிழ்ல என்ன பேரு? கறவைக்கலமா, பிறப்பாக்கியா?

அஸ்தம்பட்டியார் எழுதியது:

எல்லாருக்கும் வணக்கங்க. ஸ்கேனுக்கு உடம்புல ஏத்துற கதிரியக்க மருந்தை ஆஸ்பத்திரியிலயே தினமும் எடுத்துக்கிற சாமான்தான் இந்த ஜெனரேட்டர், அதுக்கு இந்த இழையில இதுவரைக்கும் வந்த சொல்லு எல்லாத்தையும் படிச்சேன், கதிராக்கி, உட்கரு இயற்றி, கதிர்த்தனிம உற்பத்திக் கலன், இன்னும் ஒண்ணு பேரே ஒரு வரி நீளம். நான் மொழி படிச்சவன் இல்ல, சேலத்துல ஒரு ஸ்கேன் சென்டர்ல அணுக்கரு மருத்துவப் பிரிவுல டெக்னாலஜிஸ்ட், தினமும் காலையில அந்தச் சாமானோட மல்லுக்கட்டுறவன்ங்கிற உரிமையில கொஞ்சம் சொல்லிக்கிறேன்.

எனக்கு இந்தச் சொல்லு எதுக்கு வேணும்னா நோயாளி கையில குடுக்குற விளக்கத் தாளுக்கு. "ஜெனரேட்டர் இன்னும் வரலைங்க, எலும்பு ஸ்கேன் நாளைக்குத்தான்"னு சொன்னா "ஏனுங்க, ஃபேனு ஓடுதே, கரண்ட் இருக்குதே"ன்னு கேக்குறாங்க, அவங்க கேக்குறதுல தப்பே இல்ல, நம்ம ஊர்ல ஜெனரேட்டர்னா கல்யாண மண்டபத்துக்குப் பின்னால பொகை விட்டுக்கிட்டு நிக்கிறதுதான். கதிராக்கின்னு எழுதினா எக்ஸ்ரே மெஷின்னு நெனச்சுக்குவாங்க, அது இன்னும் மோசம்.

உள்ள நடக்குறது இதுதான். ஈயக் கவசத்துக்குள்ள விரல் நீளத்துக்கு ஒரு குழாய், அதுல அலுமினாப் பொடி (அலுமினான்னா வேற ஒண்ணுமில்ல, நம்ம சேர்வராயன் மலையில வெட்டி மேட்டூர் அலுமினிய ஆலைக்குப் போச்சே பாக்சைட்டு, அதுல இருந்து எடுக்குற பொருள்தான், குழாய்ல இருக்குறது ஏற்காட்டுச் சரக்குன்னு சொல்ல வரல). அந்தப் பொடி மேல மாலிப்டினம்-99 மாலிப்டேட்டா ஒட்டிக்கிட்டு இருக்கும். மாலிப்டேட்டுக்கு ரெண்டு எதிர் மின்னூட்டம், அதனால அலுமினாவை இறுக்கிப் புடிச்சுக்கும். மாலிப்டினத்தோட அரை ஆயுள் (பாதியாகுற நேரம்) 66 மணி நேரம், அது சிதைஞ்சு சிதைஞ்சு டெக்னீசியம்-99எம் ஆகுது, ஸ்கேனுக்கு வேண்டியது இதுதான், அது பெர்டெக்னெட்டேட்டா இருக்கும், அதுக்கு ஒரே ஒரு மின்னூட்டம், பிடி தளர்ந்துபோகும். அப்ப மேல இருந்து சாதா சலைன் விட்டு, கீழ காத்து உறிஞ்சின குப்பியச் சொருகினா சலைன்ல இருக்குற குளோரைடு பெர்டெக்னெட்டேட்டத் தள்ளிவிட்டுட்டு வந்துடும், மாலிப்டினம் அங்கயே உக்காந்திருக்கும். மொத்த வித்தையும் இந்த ஒரு மின்னூட்ட வித்தியாசத்துலதான் இருக்கு, எனக்கு இன்னைக்கும் ஆச்சரியம்தான்.

எடுத்தப்புறம் திரும்ப ஊறும். ஒரு நாள் விட்டா உச்சத்துக்கு வந்துடும், அதனாலதான் தினமும் காலையில எடுக்குறது. உலகம் பூரா எங்க தொழில்ல இதுக்குக் கறக்குறதுன்னுதான் பேரு, அந்தச் சாமானையே மாடுன்னு சொல்லுவாங்க. அதனால நான் முன்வைக்கிறது "கறவைக்கலம்".

> ஊற்று என்பது அழகான சொல். ஊற்றுக்கலம் எனலாமே?

அழகுதாங்க, ஆனா ஊத்துன்னா வத்தாதுன்னு ஒரு நெனப்பு வரும். இது ஒரு வாரத்துல ஆறுல ஒரு பங்குக்கு வந்துடும், ரெண்டு வாரத்துல நூத்துக்கு மூணுதான் மிச்சம். வந்த அன்னைக்கு இளங்கறவை, அடுத்த வாரக் கடைசியில வத்தக்கறவை, எங்க லேப்ல நாங்க அப்படித்தான் பேசிக்கிறோம்.

- - -

ஓமலூரிலிருந்து எழுதியது:

தம்பிக்கு வணக்கம். வேதியியல் வாத்தியாரா இருந்து ரிட்டையர் ஆனவன், அதனால கொஞ்சம் நோண்டுவேன், கோவிச்சுக்காதீங்க.

மாடு பால் குடுக்கும், பாலா மாறாது. இங்க மாலிப்டினமேதான் டெக்னீசியமா மாறுது. தாய் அணுக்கரு, சேய் அணுக்கருன்னு பாடத்துல சொல்லிக்குடுத்துட்டு, கலத்துக்கு வந்தா கறவைங்கிறீங்க, அப்ப சேய்தான் பாலா? பையன் எந்திரிச்சு கேட்டா நான் என்ன சொல்ல?

இன்னொண்ணு, சொல்லு மாலிப்டினத்தோட நிக்கக் கூடாது. ஜெர்மானியம்-68ல இருந்து காலியம்-68 எடுக்குறாங்க, அரை ஆயுள் தாய்க்கு 271 நாள், சேய்க்கு 68 நிமிஷம். இதயத்துக்கு ரூபிடியம்-82, அதுக்கு ஒண்ணேகால் நிமிஷம்தான் அரை ஆயுள், ஸ்ட்ரான்சியம்-82ல இருந்து நேரா நோயாளி நரம்புக்குப் போகுது. இதுக்கெல்லாம் பொருந்துற சொல்லா இருக்கணும்.

நம்ம ஊருக்கு இந்தச் சண்டை புதுசு இல்லைங்கிறதையும் சொல்லிடறேன், 1916லயே ராஜாஜி சேலத்துல வக்கீலா இருந்தப்ப தமிழ் சாஸ்திர பரிபாஷைச் சங்கம்னு அறிவியல் சொல்லுக்குத் தமிழ் உண்டாக்குறதுக்குன்னே ஒண்ணு ஆரம்பிச்சாங்க. சமஸ்கிருதமா தமிழான்னு அப்பவே அடிதடி. இப்ப நம்ம கொறஞ்சபட்சம் மாட்டுக்குத்தான் சண்டை போடுறோம்.

- - -

யாழ்ப்பாணத்து நண்பர் எழுதியது:

வணக்கம். எங்கட பாடப்புத்தகத்தில ஜெனரேட்டர் எண்டால் மின்பிறப்பாக்கி, ஐசோடோப் எண்டால் சமதானி. பிறப்பாக்கி எண்டு சொன்னால் ஓமலூர் ஐயா கேட்ட தாய்-சேய் கணக்கும் சரியா வருது, தாயில இருந்து சேய் பிறக்குது. "சமதானிப் பிறப்பாக்கி" எண்டு வைச்சால் என்ன?

- - -

அஸ்தம்பட்டியார் எழுதியது:

ஐயா, கோவமெல்லாம் இல்லைங்க, நல்ல கேள்வி. ஆனா மாடுங்கிறது மாலிப்டினம் இல்ல, குழாய். தீவனம் மாலிப்டினம்னு வெச்சுக்குங்க, அது உள்ளயே மாறுது, மாறினதை நாங்க கறக்குறோம், பையன் கேட்டா இதைச் சொல்லுங்க. காலியம், ரூபிடியம் ரெண்டும் இதே கதைதான், பொடி வேற, காலியத்துக்கு ஊத்துற திரவமும் வேற, அவ்வளவுதான்.

யாழ்ப்பாணத்து அண்ணா, பிறப்பாக்கி கருத்தளவுல ரொம்பப் பொருத்தம், பாடப்புத்தகத்துக்கு நானே ஓட்டுப் போடுவேன். ஆனா பொறக்குறது மட்டும் போதுமா? பிரிச்சு எடுக்குறதுதான் இங்க விஷயமே. பொறக்குறது எல்லாக் கதிரியக்கப் பொருள்லயும் நடக்குது, ஒரு குப்பி யுரேனிய உப்புலயும் நடக்குது, அதை யாரும் ஜெனரேட்டர்னு சொல்றதில்ல.

இது ஏன் முக்கியம்னா, டெக்னீசியத்துக்கு அரை ஆயுள் ஆறு மணி நேரம்தான், ஒரு நாள்ல பதினாறுல ஒரு பங்கு ஆயிடும், அதைத் தூரத்துல தயார் பண்ணி பார்சல் அனுப்ப முடியாது. பெட் ஸ்கேனுக்கு வர்ற ஃபுளோரின்-18ஐ எடுத்துக்குங்க, 110 நிமிஷம், அதுக்கு இந்த மாதிரி கலம் கெடையாது, சைக்ளோட்ரான்ல (துகளைச் சுத்தவிட்டு வேகமாக்கி மோதவைக்கிற பெரிய மெஷின்) செஞ்சு ரோட்டுலதான் வரணும். பெங்களூர்ல ஏத்தினா நாலு மணி நேரத்துல சேலம் வர்றதுக்குள்ள கால் பங்குக்கும் கீழ போயிடும், தொப்பூர் கணவாய்ல ஒரு லாரி குறுக்க நின்னுட்டா அதுவும் இல்ல. தாயை அனுப்பிட்டு சேயை இங்கயே கறந்துக்கலாம்ங்கிற யோசனைதான் சின்ன ஊர் ஆஸ்பத்திரிக்கும் இந்த வைத்தியத்தைக் கொண்டுவந்துச்சு. 1950கள் கடைசியில அமெரிக்காவுல புரூக்ஹேவன் ஆய்வுக்கூடத்துல பண்ணினது. தாய்க்கு மட்டும் அணு உலை வேணும், அதுல ஒரு சிக்கல், 2009ல கனடாவுல சாக் ரிவர் உலை நின்னுபோனப்ப உலகத்துல பல நாட்டுல ஸ்கேனுக்குத் தட்டுப்பாடு.

கறந்ததை அப்படியே போட்டா தைராய்டு, உமிழ்நீர்ச் சுரப்பி பக்கம் போகும். எலும்புக்குப் போகணும்னா எம்டிபிங்கிற, எலும்புல போய் ஒட்டுற மருந்துப் பொடிக் குப்பிக்குள்ள விடணும், அதுல இருக்குற வெள்ளீய உப்பு எலக்ட்ரான் குடுத்து டெக்னீசியத்தை ஒடுக்கினாத்தான் அது எம்டிபியோட சேரும். சிறுநீரகத்துக்கு டிடிபிஏ, இதயத்துக்கு செஸ்டமிபி. நோயாளிகிட்ட சொல்லும்போது பால் ஒண்ணுதான், தயிரா மோரா நெய்யாங்கிறது பொறவு சேக்குறதைப் பொறுத்துன்னு சொல்லிடுவேன், கறவைன்னு ஆரம்பிச்சா அந்த வசதி இருக்கு.

- - -

ஏற்காட்டிலிருந்து எழுதியது:

எல்லாரும் பேசுறீங்க, மாடு வெச்சிருக்கறவ ஒருத்தி இங்க இருக்கேன். தம்பி, கறவைக்கலம்னா எனக்குக் காதுல விழறது பால் கறக்குற செம்புதான், கறந்து ஊத்துற பாத்திரம். நீங்க சொல்றது அது இல்லையே. அந்தச் செம்பு உங்க குப்பி. ஊறுறது, கறக்கக் கறக்க திரும்பச் சொரக்குறது, நாளாக நாளாக வத்துறது எல்லாம் மடி. "மடிக்கலம்"னு வைங்க.

கறக்காம விட்டா மடி கட்டிக்கும், மறுநா பால் சரியா இருக்காது. உங்களுக்கும் அப்படி ஏதாச்சும் உண்டா?

- - -

அஸ்தம்பட்டியார் எழுதியது:

அக்கா, உண்டுங்க! சனி ஞாயிறு லீவுல எடுக்காம விட்டா திங்கக்கிழமை எடுக்குறதுல 99எம் சிதைஞ்சு ஆன வெறும் டெக்னீசியம்-99 சேர்ந்து கெடக்கும், அதுக்கு அரை ஆயுள் ரெண்டு லட்சம் வருஷம், கதிர்ல ஒண்ணும் பிரயோஜனம் இல்ல, ஆனா பொடிக் குப்பியில வெள்ளீயத்துக்குப் போட்டிக்கு வந்து நிக்கும். அதனால ஞாயித்துக்கிழமை ஒருக்கா எடுத்து வீணாக்கிட்டா திங்க சுத்தமா வரும்.

மடிக்கலம்தான். செம்பு விஷயம் எனக்குத் தோணவே இல்ல. கிருமி படாம எடுக்குற சாமானுக்கு மடின்னு பேரு வெச்சா ஆசாரக்காரங்களுக்கும் சந்தோஷம்.

ஓமலூர் ஐயா, ஒரு துணைச்சொல் உடனே வேணும். சில சமயம் மாலிப்டினமும் சலைனோட சேர்ந்து வந்துடும், தினமும் பரிசோதிக்கணும், கறந்த குப்பிய ஈயக் கிண்ணத்துக்குள்ள வெச்சு அளப்போம், டெக்னீசியத்தோட 140 கேஇவி (கதிரோட ஆற்றல் அளவு) கதிரை ஈயம் மறிச்சிடும், மாலிப்டினத்தோட 740 தாண்டி வரும். அதுக்கு நான் "தாய்க்கசிவு"ன்னு குறிச்சு வெச்சிருக்கேன். தாளை வெள்ளிக்கிழமை அச்சுக்குக் குடுக்கணும், அதுல இப்படி எழுதிக்கிறேன்: "மடிக்கலம் மும்பையிலிருந்து வர வேண்டியுள்ளது, வந்தவுடன் உங்களுக்கு போன் செய்வோம், அதுவரை வெறும் வயிற்றில் இருக்க வேண்டியதில்லை."

- - -

ஓமலூரிலிருந்து எழுதியது:

தாய்க்கசிவு சரி. ஆனா அந்த வாக்கியத்தை நோயாளி தாள்ல போடாதீங்க, மடிக்கலம்னா என்னன்னு கேட்டு போன் பண்ணுவாங்க. "டெக்னீசியம் எடுக்கும் மடிக்கலம்"னு முதல்ல ஒருக்கா எழுதிட்டு அப்புறம் சுருக்குங்க. 99எம்ல இருக்குற எம்முக்கு (மெட்டாஸ்டேபிள்) சிற்றுறுதின்னு ஏற்கெனவே ஒரு சொல்லு சுத்துது, எனக்கு அதுல திருப்தி இல்ல, அதைத் தனி இழையில ஆரம்பிக்கிறேன்.