"எத்தனை மணிக்கு என்று யாரைக் கேட்டீர்கள்?" – படையினரும் மக்களும் சந்தித்த இடங்களிலிருந்து சில அனுபவங்கள்

தொடங்கி வைப்பவர்: முன்னாள் இணைப்பு அதிகாரி

சீருடை அணிந்தவர்களும் அணியாதவர்களும் ஒரே களத்தில் எப்படி வேலை செய்ய வேண்டும் என்பதற்குக் கையேடுகள் நிறைய உண்டு. நானும் படித்திருக்கிறேன், இளைய அதிகாரிகளுக்குப் பாடமாகவும் நடத்தியிருக்கிறேன். இங்கே கையேடு வேண்டாம். உங்களுக்கு நேர்ந்த ஒரு சந்திப்பைச் சொல்லுங்கள். முதலில் என்னுடையதைச் சொல்கிறேன்.

ஐ.நா. அமைதிகாக்கும் படையில் ஓராண்டு இணைப்பு அதிகாரியாக இருந்தேன். களத்தில் சிமிக் (படை–மக்கள் ஒத்துழைப்பு) அதிகாரி என்பார்கள். எங்கள் பட்டாலியன், ஊர்ப் பெரியவர்கள், உள்ளூர் நிர்வாகம், தொண்டு நிறுவனங்கள் ஆகிய நான்கு தரப்புக்கும் நடுவே ஓடிக்கொண்டே இருப்பதுதான் வேலை. இடத்தின் பெயரைச் சொல்லப்போவதில்லை. நான் குறிப்பிடும் பெண்கள் இன்னும் அங்கேதான் வாழ்கிறார்கள்.

தளத்தை ஒட்டி இடம்பெயர்ந்தோர் முகாம் இருந்தது. தென் சூடானில் 2013 டிசம்பரில் சண்டை மூண்டபோது பல்லாயிரக்கணக்கானோர் ஐ.நா. தளங்களுக்குள் ஓடி வந்தார்கள். வாயிற்கதவுகள் திறக்கப்பட்டன, அப்படியே பெரிய முகாம்கள் உருவாயின. நான் இருந்த முகாமும் அந்த வகைதான். வேலிக்கு உள்ளே ஓரளவு பாதுகாப்பு உண்டு. ஆனால் அடுப்பெரிக்க விறகு வேலிக்கு வெளியேதான் இருந்தது. ஆண்கள் போனால் கொன்றுவிடுவார்கள் என்பதால் பெண்கள் போனார்கள். அவர்களுக்கு என்ன நேர்ந்தது என்பதை நான் இங்கே விவரிக்க வேண்டியதில்லை.

நாங்கள் விறகு ரோந்து ஏற்பாடு செய்தோம். வாரம் மூன்று நாள், காலை ஒன்பது மணி, முன்னால் ஒரு வண்டி, பின்னால் ஒரு வண்டி, நடுவில் பெண்கள். முதல் வாரம் ஒருவரும் வரவில்லை. இரண்டாம் வாரமும் வரவில்லை. மேலிடத்துக்குப் போன அறிக்கையில் "ரோந்து நடைபெற்றது" என்று எழுதினேன். வண்டிகள் போய்த் திரும்பியது உண்மைதானே என்று அன்று என்னைத் தேற்றிக்கொண்டது இன்றும் உறுத்துகிறது.

முகாம் கூட்டங்களில் ஆண்கள் மட்டுமே பேசுவார்கள். ஆகவே ஐ.நா. போலீஸ் பிரிவைச் சேர்ந்த ஒரு பெண் அதிகாரி, யாரிடமும் சொல்லாமல், தண்ணீர் பிடிக்கும் குழாயடியில் போய் உட்கார்ந்தார். அரை மணி நேரத்தில் எல்லாம் தெரிந்துவிட்டது. ஒன்பது மணிக்குக் கிளம்பினால் உச்சி வெயிலில் தலைச்சுமையோடு திரும்ப வேண்டும், யாராலும் முடியாது. நாங்கள் தேர்ந்தெடுத்த பாதையில் மரம் வெட்டித் தீர்ந்து நெடுநாளாகிவிட்டது. எல்லாவற்றுக்கும் மேலாக, படை வண்டியோடு ஒட்டி நடப்பவர்களை மறுதரப்பு உளவாளிகளாகப் பார்க்கும். வண்டி போன பிறகு அந்தப் பெயரைச் சுமக்கப் போவது அவர்கள். ஒரு மூதாட்டி அவரிடம் கேட்டாராம்: "எத்தனை மணிக்கு என்று யாரைக் கேட்டீர்கள்?"

எங்கள் தளபதி நல்ல மனிதர். ஆனால் இருட்டில் வண்டியை அனுப்பச் சம்மதிக்கவில்லை. கண்ணிவெடி பயம். அதுவும் நியாயமான பயம்தான். இரண்டு நாள் வாதாடினேன். கடைசியில் கிழக்கு வெளுக்கும் நேரம் என்று முடிவானது. பாதையைப் பெண்கள் சொன்னார்கள். வண்டிகள் அவர்களோடு ஒட்டி வராமல், தொலைவில் இரண்டு மேடுகளில் பார்வைக்குத் தெரியும்படி நின்றன. முதல் நாள் நான்கைந்து பேர் வந்தார்கள். அந்த மாதம் முடிவதற்குள் வரிசை நீண்டது.

மருத்துவத் தொண்டு நிறுவனச் செவிலியர்

ஐயா, உங்கள் தளபதியைப் போன்ற நல்ல மனிதர் ஒருவரால் எங்கள் மருத்துவமனை ஒரே இரவில் பாதி காலியானது. அதைச் சொல்கிறேன்.

துப்பாக்கிக்குக் குறுக்கே சிவப்புக் கோடு போட்ட பலகை எங்கள் வாயிலில் உண்டு. பல மொழிகள் பேசும் இடம் என்பதால் படமே பேசும். ஒரு நாள் காலையில் ஓர் அதிகாரி நான்கு வீரர்களோடு, இரண்டு பெட்டி மருந்தோடு வந்தார். அன்பாகத்தான் வந்தார். ஆயுதத்தோடு உள்ளே வர முடியாது என்றேன். மருந்தையும் வாங்க முடியாது என்றபோது அவர் முகம் சுருங்கிவிட்டது. "உங்களைப் பாதுகாக்கத்தானே வந்திருக்கிறோம்" என்றார். அந்தக் குரலில் இருந்த வருத்தம் எனக்கு இன்னும் நினைவிருக்கிறது. வாயிலில் நின்று பேசியது பத்து நிமிடம் இருக்கும். வண்டி அங்கேயே நின்றது, எல்லோரும் பார்த்தார்கள்.

அன்றிரவு மறுதரப்புக் குடும்பங்கள் தங்கள் நோயாளிகளைத் தூக்கிக்கொண்டு போய்விட்டன. தொடையில் ஆறாத புண்ணோடு ஒரு சிறுவன் இருந்தான். இன்னும் ஒரு வாரம் கட்டு மாற்றியிருந்தால் நடந்திருப்பான். அவன் திரும்பி வரவே இல்லை.

நாங்கள் பிடிவாதக்காரர்கள் என்று படையினர் நினைப்பதுண்டு. எங்களிடம் காவலும் இல்லை, கவசமும் இல்லை. இவர்கள் எந்தப் பக்கமும் சேராதவர்கள் என்ற நம்பிக்கை ஒன்றுதான் எங்களுக்கு வேலி. படையின் வண்டி, விமானம், ஆட்கள் ஆகியவற்றை மனிதநேயப் பணியில் பயன்படுத்துவது கடைசி வழியாக இருக்க வேண்டும் என்று ஐ.நா. வழிகாட்டி நெறிகள் சொல்வதும் இதனால்தான். இயற்கைப் பேரிடர்களுக்கான ஆஸ்லோ வழிகாட்டி 1994இல் வந்தது. போரும் பஞ்சமும் கலந்த நெருக்கடிகளுக்கான வழிகாட்டி 2003இல் வந்தது.

கோடு மங்கினால் என்ன ஆகும் என்பதற்கு 2001 ஆப்கானிஸ்தானை நினைத்துப் பாருங்கள். அமெரிக்க விமானங்கள் போட்ட உணவுப் பொட்டலமும் மஞ்சள், கொத்துக்குண்டிலிருந்து சிதறி வெடிக்காமல் கிடந்த சிறு குண்டும் மஞ்சள். பசியோடு ஓடி வரும் குழந்தைக்கு எது எது என்று எப்படித் தெரியும்? பின்னர் வானொலியில் எச்சரிக்கை சொன்னார்கள், பொட்டலத்தின் நிறத்தையும் மாற்ற முடிவெடுத்தார்கள். வானொலி இல்லாத வீட்டுக்கு அது போய்ச் சேருமா? தகவல் போய்ச் சேர்ந்தும் பயன்படாமல் போனதற்கு அதே நாட்டின் குண்டூஸ் நகரம் இருக்கிறது. எல்லைகளற்ற மருத்துவர்கள் அமைப்பு தன் மருத்துவமனையின் இருப்பிடக் குறியீடுகளை முன்கூட்டியே படைகளுக்குக் கொடுத்திருந்தது. 2015 அக்டோபர் 3 அன்று அமெரிக்க விமானம் அந்தக் கட்டடத்தைத் தாக்கியது. 42 பேர் இறந்தார்கள். அந்த எண்ணைத் தட்டச்சு செய்யும்போது ஒவ்வொரு முறையும் என் கை தயங்குகிறது.

ஆனால் என் அனுபவம் அத்தோடு முடியவில்லை. அந்த அதிகாரி ஒரு வாரம் கழித்து ஊர் மன்றக் கட்டடத்துக்கு வரச்சொல்லி ஆளனுப்பினார். தனியாக, ஆயுதமில்லாமல் உட்கார்ந்திருந்தார். குறிப்பேட்டைத் திறந்து வைத்துக்கொண்டு, "நாங்கள் என்னவெல்லாம் செய்யக் கூடாது என்று சொல்லுங்கள், எழுதிக்கொள்கிறேன்" என்றார். அப்படி ஒரு கேள்வியை எந்தச் சீருடைக்காரரும் அதற்கு முன் என்னிடம் கேட்டதில்லை. வாயில் அருகே வண்டி நிறுத்தாதீர்கள், நோயாளிகளின் பெயரைக் கேட்காதீர்கள், எங்களோடு சேர்ந்து படம் எடுத்துக்கொள்ளாதீர்கள் என்று சொல்லிக்கொண்டே போனேன். பிறகு, எங்களுக்கு வேண்டியது எந்தச் சாலை திறந்திருக்கிறது, எங்கே கண்ணிவெடி எடுத்தாயிற்று என்ற செய்தி மட்டுமே என்றேன். அவர் அங்கிருந்த காலம் முழுவதும் தினமும் காலையில் அந்தச் செய்தி வந்தது. அந்தச் சாலையில் எங்கள் ஆம்புலன்ஸ் எத்தனை முறை போயிருக்கும்!

பொறியாளர் படைப்பிரிவில் இருந்தவர்

சகோதரி சொல்வதை மறுக்கவில்லை. ஆனால் கடைசி வழி என்றால் வழியே இல்லை என்று பொருளல்ல. தென் சூடானின் பெந்தியூவில் 2021இல் வந்த வெள்ளம் நெடுங்காலம் வடியவில்லை. சுற்றிலும் தண்ணீர், நடுவில் முகாமும் விமான ஓடுதளமும். மண்கரைகளைக் கட்டிக் காத்ததில் பாகிஸ்தான் ராணுவப் பொறியாளர்களின் உழைப்பு பெரிது. அந்தக் கனரக இயந்திரங்களை வேறு யார் உடனே கொண்டு வந்திருப்பார்கள்?

நானும் வேறொரு நாட்டில் கரை கட்டியிருக்கிறேன். தண்ணீர் எங்கே உடைக்கும் என்று ஒரு முதியவர் கைத்தடியால் மண்ணில் கீறிக் காட்டினார். எங்கள் மட்ட அளவுகள் வேறிடத்தைக் காட்டின. அளவை நம்பினேன். அவர் கீறிய இடத்தில்தான் உடைந்தது. உயிர்ச் சேதம் இல்லை, விதைநெல் போயிற்று. மறுநாள் அவரைத் தேடிப் போய் மன்னிப்புக் கேட்டேன். அவர் ஒன்றும் சொல்லாமல் அடுத்த பலவீனமான இடத்தைக் காட்டினார்.

இன்னொன்று. மக்களோடு ஒத்துழைப்பு என்றதும் கிணறு வெட்டுவது, பள்ளிக்கூடத்துக்கு வண்ணம் அடிப்பது என்றே பேசுகிறோம். எங்கள் கழிவுநீர் எங்கே போகிறது என்பதை முதலில் பார்க்க வேண்டும். ஹெய்ட்டியில் 2010 அக்டோபரில் பரவத் தொடங்கிய காலரா, அமைதிகாக்கும் படை முகாம் ஒன்றின் கழிவு ஆற்றில் கலந்ததால் வந்தது. ஏறத்தாழ 10,000 பேர் இறந்தார்கள். ஐ.நா. பொதுச்செயலாளர் பான் கி மூன் மன்னிப்புக் கேட்டது 2016 டிசம்பரில். ஆறு ஆண்டுகள்! என் பிரிவில் புதிதாக வரும் ஒவ்வொருவரையும் முதல் நாளே கழிவுக் குழி வரைக்கும் நடத்திக் கூட்டிப் போவேன்.

மொழிபெயர்ப்பாளராக வேலை செய்தவர்

இதுவரை எழுதிய மூவரும் ஒரு நாள் கிளம்பிப் போகக்கூடியவர்கள். தவறாக எண்ண வேண்டாம். நான் அதே ஊரில் இருப்பவன்.

அதிகாரி பேசுவார், நான் மாற்றிச் சொல்வேன். ஊர் ஊராகப் போவோம். "உங்களுக்கு என்ன தேவை?" என்று எல்லா இடத்திலும் ஒரே கேள்வி. மக்கள் சொல்வார்கள், அவர் எழுதிக்கொள்வார், "முயற்சி செய்கிறோம்" என்பார். கேட்பவர் காதில் அது "செய்கிறோம்" என்றுதான் விழும். மூன்று மாதம் கழித்து அதிகாரியைக் காணோம். சந்தையில் என்னை நிறுத்தி, "கிணறு என்ன ஆயிற்று?" என்று கேட்பார்கள். வாக்குறுதி அவருடையது, முகம் என்னுடையது. ஆறு மாதமோ ஓராண்டோ முடிந்தால் புதியவர் வருவார், அதே கேள்வியோடு, வெற்றுக் குறிப்பேட்டோடு. ஒரு கிராமத்தில் ஒரு பெண், "போன முறை சொன்னதைத் தொலைத்துவிட்டார்களா?" என்று கேட்டார். அதை மொழிபெயர்க்க எனக்குத் துணிவு வரவில்லை. மொழிபெயர்த்திருக்க வேண்டும்.

காங்கோவில் ஐ.நா. படை 2010 முதல் உள்ளூர்க்காரர்களையே சமூக இணைப்பு உதவியாளர்களாகப் படைத் தளங்களில் வைத்தது. கிராமத்தில் யாரிடம் தொலைபேசி இருக்கிறது, ஆபத்து என்றால் யார் யாரை அழைக்க வேண்டும் என்று ஒரு வலையே கட்டினார்கள். நல்ல ஏற்பாடு. ஆனால் அந்த வேலையின் பாரம் எனக்குத் தெரியும். தளத்தை மூடிக்கொண்டு படை போன பிறகும், அவர்கள் எண் எல்லோர் தொலைபேசியிலும் இருக்கும். ஆயுதக்குழு கைப்பற்றும் தொலைபேசியிலும் இருக்கும். திட்டம் போடுகிறவர்கள் இந்த ஆளை முதல் நாளிலேயே நினைக்க வேண்டும். கடைசி நாளில் நினைத்தால் பயனில்லை.

ஓர் அதிகாரியிடம் ஒரு நாள் வண்டியில் திரும்பும்போது மனம்விட்டுச் சொன்னேன்: முடியாது என்றால் முடியாது என்று சொல்லுங்கள், அதை நான் சரியாகவே மொழிபெயர்க்கிறேன். அடுத்த ஊரில் அவர் சொன்னார்: "மருத்துவமனை கட்ட எங்களால் முடியாது. பாலத்தைச் சரிசெய்ய முடியும். வியாழக்கிழமை வருகிறேன்." வியாழக்கிழமை வந்தார், பலகையும் இரும்பும் இல்லாமல். பொருட்கள் தாமதம் என்று சொல்வதற்காகவே அவ்வளவு தூரம் வந்தார். அன்றுதான் ஊர்த் தலைவர் அவரை முதல் முறையாக உட்காரச் சொன்னார்.

தொடங்கி வைத்தவர்

வெற்றுக் குறிப்பேடு என்று நண்பர் எழுதியதைப் படித்துவிட்டு வெகுநேரம் பேசாமல் இருந்தேன். பொறுப்பை ஒப்படைக்க எனக்குக் கிடைத்தது இரண்டு நாள். அதிலும் ஒரு நாள் வாகனக் கணக்கிலும் கையெழுத்திலும் போயிற்று. யாரிடம் என்ன சொன்னோம், எதைச் செய்தோம், எதைச் செய்யவில்லை என்று நாற்பது பக்கம் கையால் எழுதி அடுத்தவரிடம் கொடுத்தேன். முதல் பக்கத்தில் குழாயடிக்குப் போகும் வழியை வரைந்திருந்தேன். பிறகு மழைக்காலத்தில் ரோந்து நேரமும் பாதையும் மாறியதாக அந்தப் பெண் போலீஸ் அதிகாரி கடிதம் எழுதினார். மாற்றச் சொன்னவர்கள் பெண்கள். தாங்களே தளத்தின் வாயிலுக்கு வந்து சொன்னார்களாம்.

மொழிபெயர்ப்பாளர் நண்பரே, அந்தப் பாலம் வந்ததா?

மொழிபெயர்ப்பாளராக வேலை செய்தவர்

வந்தது, எட்டு வாரம் கழித்து. அந்த எட்டு வியாழக்கிழமையும் அவர் வந்தார்.