‘மபொரொஷி’: கானலொளியா, மருளொளியா?

> கானலொளி என்று போட்டுவிடலாமே, எல்லாருக்கும் புரியும்.

புரியும், தப்பாகப் புரியும். கண்ணை மயக்கும் தோற்றத்தைக் குறிக்கும் ஜப்பானியச் சொல் ‘மபொரொஷி’; ஒரு படத்தின் தலைப்பில் வரும் அதற்குத்தான் தமிழ் தேடுகிறோம். கானலுக்கு வெயிலும் சூடேறிய தரையும் வேண்டும். ஜப்பானிய இயக்குநர் கொரே-எடா 1995இல் எடுத்த ‘மபொரொஷி நொ ஹிகாரி’ (ஹிகாரி என்றால் ஒளி) படத்தில் இருப்பதோ ஜப்பானின் நோட்டோ தீபகற்பத்துக் குளிர்காலக் கடல். தன் முதல் கணவன் இக்குவோ ஏன் ரயில் தண்டவாளத்தில் நடந்துபோய்ச் செத்தான் என்று யுமிகோ கேட்கிறாள். தன் அப்பா தனியாகக் கடலுக்குப் போனால் தூரத்தில் அழகான ஒளி ஒன்று மினுங்கிக் கூப்பிடுமாம் என்கிறான் அவளுடைய இரண்டாம் கணவன் தமியோ. அதற்குமேல் விளக்கம் கிடையாது.

‘மாயை’ என்றால் வேதாந்தம் உள்ளே வந்து உட்கார்ந்துகொள்ளும். ‘பொய்த்தோற்றம்’ தீர்ப்பே எழுதிவிடுகிறது. அந்த ஒளி பொய்யென்று படம் சொல்லவில்லை. ‘உருவெளித்தோற்றம்’ எனக்குப் பிடித்த சொல்தான். ஆனால் அகமரபில் அப்படிக் கண்முன் நிற்பது காதலித்தவரின் உருவம். இங்கே உருவமே இல்லை. நீளமும் இடிக்கும். 9 எழுத்து; உயிர்க்குறியையும் புள்ளியையும் தனியாக எண்ணும் கணினியின் யுனிகோடு முறையில் 16 குறி. சப்டைட்டிலில் குறிகளை எண்ணி வரியை வெட்டும் மென்பொருளில் பாதி வரியை இதுவே தின்றுவிடும்.

என் பரிந்துரை: மருளொளி. 4 எழுத்து, 7 குறி. பொருளல்லாததைப் பொருளென்று உணர்வதை 351ஆம் குறள் ‘மருள்’ என்கிறது. சாமி வந்து ஆடுவதையும் மருள் என்கிறோம். காட்சி மயக்கமும் மறுவுலகமும் ஒரே சொல்லில். ஜப்பானியச் சொல்லுக்கும் இந்த இரண்டாம் முகம் உண்டு. ‘கெஞ்சி கதை’ என்ற பழைய ஜப்பானிய நாவலின் 41ஆம் அத்தியாயத்துக்கு ‘மபொரொஷி’ என்றே பெயர்; அங்கே அது இறந்தவளின் ஆவியைத் தேடி வானில் போகும் மந்திரவாதியைக் குறிக்கும்.

---

> என் பரிந்துரை: மருளொளி.

தலைப்புக்குச் சரி ஐயா. வினையாக்கும்போதுதான் உதைக்கிறது. மான் மருண்டது என்றால் இன்று பயந்தது என்றே படிப்பார்கள். ‘மருட்டும்’ என்றால் மிரட்டும். தமியோவின் அப்பாவைக் கடல் மிரட்டவில்லையே. வினைக்கு ‘மயக்கு’ போதும்.

இன்னொன்று, ‘ஹிகாரி’ சாதாரணப் பேச்சுச் சொல். வசனத்தில் ‘ஒளி’ என்று வந்தால் தமியோ மேடையேறியதுபோல் இருக்கும். இப்படிப் போடலாம்:

“தூரத்துல அழகா ஒரு வெளிச்சம்.
மினுக் மினுக்குனு கூப்பிடுமாம்.”

---

ஏற்கிறேன். தலைப்பிலும் கட்டுரைகளிலும் மருளொளி, வசனத்தில் வெளிச்சம். சொற்பட்டியலில் சேர்ப்பவர் இடையின ‘ரு’ போடவும். ‘மறுளொளி’ என்று ஏற்கெனவே ஓரிடத்தில் விழுந்திருக்கிறது.