ஏற்காட்டு நாழிகை நூல் வலக்கரையில் மட்டும் அறுகிறது, என்ன காரணம்?

குழித்தறி அம்மாப்பேட்டை:
வணக்கம்ங்க. ஏற்காட்டில் விடியற்காலைப் பனியில் உருவிய நாழிகை நூல், அதாவது ஆட்களிடமிருந்து நேரத்தையே இழையாக உருவிய நூல், வாங்கிப் பாவு (தறியின் நீளவாக்கு இழை) போட்டிருக்கிறேன். சிட்டத்துக்கு (ஒரு நூல் கட்டுக்கு) 60 நாழிகை, அதாவது முழு ஒரு நாள். உள்ளிழை பட்டு. முதல் இரண்டு முழம் சுத்தமாக வந்தது. அதற்குப் பிறகு வலக்கரை இழைகள் அச்சுக்கு (ஊடையை நெருக்கும் சீப்புக்கு) பக்கத்தில் அறுகின்றன. முடிச்சுப் போட்டால் அரை மணியில் தானாக அவிழ்ந்துவிடுகிறது. நெய்த துணியிலும் வலக்கரைச் சரிகை மட்டும் பல வருடம் கட்டின புடவை மாதிரி கறுத்துவிட்டது. விழுது (பாவிழையைத் தூக்கும் கண்ணி), நாடா (ஊடையை ஓட்டும் கட்டை), அச்சுப் பல் எதிலும் பிசிறு இல்லை. எங்கே பார்ப்பது?

வட்டில்:
சரிகை கறுத்தால் அந்தப் பக்கத்து நேரம் முந்தி ஓடுகிறது என்று அர்த்தம். வலப்பக்கம் போட்ட சிட்டங்கள் ஆறாத மலை நூல்.

ஏற்காடு கடல் மட்டத்திலிருந்து சுமார் 1,500 மீட்டர், சேலம் 300 மீட்டருக்கும் கீழே. உயரம் கூடினால் கடிகாரம் வேகமாக ஓடும் என்பது ஐன்ஸ்டீன் கணக்கு. இந்த உயர வித்தியாசத்துக்கு ஒரு நாளில் 11, 12 நானோவினாடிதான் வரும். கைக்கடிகாரத்தில் அது தெரியவே தெரியாது. நாழிகை நூலில் அதுவே முறுக்காக ஏறும். நூல் கீழே இறங்கியதும் அந்த முறுக்கு பிரியப் பார்க்கும். ஊடையாக (குறுக்கிழையாக) போட்டால் தாரிலிருந்து (நாடாவுக்குள் இருக்கும் நூல் குழலிலிருந்து) உருவும்போதே தளர்ந்துகொள்ளும். பாவில் இழை விறைப்பாக நிற்பதால் பிரிய வழியில்லாமல் அச்சில் அறுகிறது.

உறுதி செய்ய நாழிகை வட்டில் (அடியில் துளையுள்ள நீர்க்கடிகாரக் கிண்ணம்) போதும். விளிம்பில் ஏழு சுற்று நூல் சுற்றித் தண்ணீரில் மிதக்க விடுங்க. வெறும் வட்டில் 24 நிமிடத்தில் மூழ்கும், சமவெளி நூல் சுற்றினாலும் அதே 24. ஆறாத மலை நூல் என்றால் 23 ஆவதற்குள் மூழ்கிவிடும். நூலைச் சிட்டத்தின் நடுச்சுற்றிலிருந்து எடுங்க. வெளிச்சுற்று வீட்டுக் காற்றில் பாதி ஆறியிருக்கும், சோதனையை ஏமாற்றிவிடும். உங்களுக்கு முதல் இரண்டு முழம் நன்றாக வந்ததும் அதனால்தான்.

அடிவாரம்:
அந்த நூல் பஸ்ஸில் ஒரே மூச்சில் இறங்கி வந்திருக்கும். பாதையில் 20 கொண்டை ஊசி வளைவு இருக்கு. ஐந்து வளைவுக்கு ஒரு ராத்திரி நிறுத்தி, நிழலில் மூங்கில் கழியில் தொங்கவிட்டு இறக்கணும். நுனியைக் கட்டக் கூடாது, கட்டினால் முறுக்கு வெளியேறாது. நாலு ராத்திரியில் அடிவாரம் வந்துவிடும்.

இறக்கியாச்சு என்றால் தறிக் குழியில் ஈர மணல் பரப்பி, அதற்கு ஒரு சாண் மேலே தொங்கவிடுங்க. ஒன்பது ராத்திரி ஆகும். வெயிலில் வைத்து அவசரப்படுத்தாதீங்க, உள்ளிழை பட்டு பாழாகிவிடும். பாவுக்குப் போடும் கஞ்சியும் முந்தின நாள் வடித்ததாக இருக்கணும். சூடான கஞ்சி முறுக்கை அப்படியே பூட்டிவிடும், பிறகு எத்தனை நாள் தொங்கவிட்டும் பயனில்லை.

செவ்வாய்ப்பேட்டைக் கணக்கு:
இரண்டு பேரும் முடிச்சைக் கவனிக்கவில்லை. முறுக்கேறிய நூல் அறும், ஆனால் அதில் போட்ட முடிச்சு நிற்கும். தானாக அவிழ்கிற முடிச்சு, கேட்காமல் உருவிய நேரத்தின் அடையாளம். தூங்குகிறவர்களிடமும், ஆஸ்பத்திரி வராந்தாவில் காத்திருக்கிறவர்களிடமும் தெரியாமல் உருவி, மலை நூலோடு கலந்து விற்கிறார்கள். விலை பாதிதான் இருக்கும். எந்த விலைக்கும் அதைத் தொடக் கூடாது என்பது என் உறுதியான கருத்து. அது இன்னொருவர் ஆயுள்.

வாங்கும்போது ஒவ்வொரு சிட்டத்தின் நுனியிலும் கொடுத்தவர் தன் கையால் போட்ட முடிச்சு இருக்கிறதா என்று பாருங்க. எடை போட்டு வாங்கவே வாங்காதீங்க, பனி ஈரமும் எடையில் சேரும். நாழிகைக் கணக்கில் மட்டும் வாங்குங்க. கழிவு 60-க்கு 2 நாழிகை நியாயம். அதற்கு மேல் கேட்டால் நூல் எங்கோ கசிகிறது.

குழித்தறி அம்மாப்பேட்டை:
வட்டில் 22 நிமிடத்தில் மூழ்கியது. விலையும் குறைவாகத்தான் கொடுத்தார்கள். ஆனால் பாவில் ஏறிய பிறகு திருட்டு இழையை மட்டும் எப்படிப் பிரிப்பதுங்க?

செவ்வாய்ப்பேட்டைக் கணக்கு:
பாவின் விறைப்பைத் தளர்த்திவிட்டு, வலக்கரையில் பத்துப் பத்து இழையாகச் சேர்த்து விழுதுக்குப் பின்னால் தளர்வாக ஒரு முடிச்சுப் போடுங்க. முக்கால் மணி விடுங்க. அவிழ்ந்த கட்டு எல்லாம் திருட்டு இழை. அதை வெட்டி எடுத்து, சமவெளி நூலைப் புணைத்துக்கொள்ளலாம். அவிழாத கட்டை நீங்களே அவிழ்த்து, பாவைச் சுருட்டி, அடிவாரம் சொன்ன மாதிரி குழியில் ஆற வைங்க.

வெட்டின இழையைக் குப்பையில் போடாதீங்க. சரிகை கறுத்த துண்டையும் அதோடு சேர்த்து, விற்றவரிடமே கொடுத்து, உரியவரிடம் சேர்க்கச் சொல்லுங்க. அடுத்த அமாவாசைக்குள் போய்ச் சேர்ந்தால் அவர்களுக்குப் பெரும்பகுதி திரும்பக் கிடைக்கும். அதைத் தாண்டினால் பாதிதான்.