எஸ்3 பக்கெட்டில் பெயர் தெரிகிறது, கோப்பு இறங்க மறுக்கிறது: அனுமதிச் சிக்கல்

கேள்வி – திருப்பூரிலிருந்து

அனைவருக்கும் வணக்கம். அவிநாசி சாலையில் இருக்கும் ஒரு பின்னலாடை ஏற்றுமதி நிறுவனத்தின் கணினிப் பிரிவைக் கவனித்து வருகிறேன். பையர் அனுப்பும் டெக் பேக் (ஆடையின் தயாரிப்பு விவரங்கள்), பாட்டர்ன் கோப்புகள், அளவுப் பட்டியல்கள் அனைத்தையும் அமேசான் வெப் சர்வீசஸின் மும்பை ரீஜியனில் ஒரே எஸ்3 பக்கெட்டில் (இணையவழிக் கோப்புச் சேமிப்பிடம்) வைத்திருக்கிறோம். ஆர்டர்களைக் கவனிக்கும் மெர்ச்சண்டைசர்களுக்கென, யாருக்கு என்ன அனுமதி என்பதை நிர்வகிக்கும் ஐஏஎம்மில் ஒரு குரூப் அமைத்து, பட்டியலைப் பார்க்கவும் கோப்புகளை இறக்கவும் அனுமதி கொடுத்திருக்கிறேன். சென்ற வாரம் வரை எந்தத் தடங்கலும் இல்லை. இந்த வாரம் ஏற்றிய கோப்புகளின் பெயர்கள் அவர்களுக்குத் தெரிகின்றன. ஆனால் இறக்க முயன்றால் ‘அக்சஸ் டினைட்’ என்று வருகிறது. பழைய கோப்புகள் இன்றும் இறங்குகின்றன. என் நிர்வாகி லாகினில் எல்லாமே இறங்குகின்றன. அந்த அனுமதிகளை எழுதியிருக்கும் பாலிசியை நான் தொடவே இல்லை. கட்டிங் பிரிவு பாட்டர்னுக்காகக் காத்திருப்பதால், ஷிப்மென்ட் முடியும் வரை அந்தக் குரூப்புக்கே நிர்வாகி அனுமதியைக் கொடுத்துவிடும்படி மேலாளர் சொல்கிறார். அதற்கு எனக்கு மனம் வரவில்லை. எங்கே பார்க்க வேண்டும்?

பதில் – பீளமேடு, கோவை

தயவுசெய்து அதைச் செய்துவிடாதீர்கள். ஒரு கோப்பை இறக்க வேண்டியவருக்குப் பக்கெட்டையே அழிக்கும் அதிகாரத்தைக் கொடுப்பதாக அது முடியும். அவசரத்தில் கொடுத்த அனுமதியை அவசரம் தீர்ந்த பிறகு யாரும் திரும்ப வாங்குவதில்லை என்பதை நான் பார்த்த ஒவ்வொரு நிறுவனத்திலும் கண்டிருக்கிறேன்.

இத்தகைய சிக்கலில் பலர் செய்யும் தவறு, பட்டியலைப் பார்க்கும் ‘லிஸ்ட் பக்கெட்’ அனுமதி பக்கெட்டின் பெயருக்கும், கோப்பை இறக்கும் ‘கெட் ஆப்ஜெக்ட்’ அனுமதி அதன் உள்ளே இருக்கும் கோப்புகளுக்கும் தரப்பட வேண்டும் என்பதை மறந்து, பாலிசியில் பக்கெட் பெயருக்குப் பின் வர வேண்டிய சாய்கோட்டையும் நட்சத்திரக் குறியையும் விட்டுவிடுவதுதான். உங்கள் நிலை அதுவன்று. அப்படி இருந்திருந்தால் பழைய கோப்பும் இறங்கியிருக்காது. ஆட்கள் அவர்களே, பாலிசியும் அதுவே என்னும்போது, மாறியிருப்பது கோப்பாகத்தான் இருக்க வேண்டும்.

இறங்கும் கோப்பு ஒன்றையும் இறங்காத கோப்பு ஒன்றையும் கன்சோலில் திறந்து, இரண்டின் பண்புகளிலும் குறியாக்க முறை (என்கிரிப்ஷன்) என்னவென்று ஒப்பிட்டுப் பாருங்கள். 2023 ஜனவரியிலிருந்து எஸ்3 ஒவ்வொரு புதிய கோப்பையும் தானாகவே குறியாக்கம் செய்கிறது. அந்த இயல்பான முறைக்குத் தனி அனுமதி எதுவும் வேண்டியதில்லை. பக்கெட்டின் அமைப்பை யாரேனும், தனிச் சாவியால் பூட்டும் கேஎம்எஸ் முறைக்கு மாற்றியிருந்தால் கதை வேறு: அந்தச் சாவிக்கும் அனுமதி வேண்டும். அந்த மாற்றம் அதன் பின் ஏறும் கோப்புகளை மட்டுமே தொடும். பிழைச் செய்தியையும் கடைசி வரி வரை படித்துப் பாருங்கள். விடை பெரும்பாலும் அதன் வாலில்தான் இருக்கும்.

கேட்டவர்

நீங்கள் சொன்னது அப்படியே சரியாக இருக்கிறது, ஐயா. பாதுகாப்புத் தணிக்கைக்காக எங்கள் பிரிவிலேயே இன்னொருவர் சென்ற வாரம் புதிய கேஎம்எஸ் சாவி ஒன்றை உருவாக்கி, பக்கெட்டை அதற்கு மாற்றியிருக்கிறார். ஊழியர்கள் கைப்பேசியில் படமெடுத்து அனுப்பியது பிழையின் முதல் வரியை மட்டுமே. முழுச் செய்தியில், குறியாக்கத்தை அவிழ்க்கும் ‘கேஎம்எஸ் டிகிரிப்ட்’ அனுமதி இல்லை என்று தெளிவாகவே இருக்கிறது.

பதில் – ஈரோடு

கிடங்குச் சாவி கொடுத்திருக்கிறீர்கள், உள்ளே இருக்கும் பீரோவின் சாவியைக் கொடுக்கவில்லை. குரூப்பின் பாலிசியில் டிகிரிப்ட் அனுமதியைச் சேருங்கள். ஆனால் எல்லாச் சாவிகளுக்கும் பொதுவாகக் கொடுக்காமல், இந்த ஒரு சாவியின் ஏஆர்என்னை (அதன் முழு அடையாளப் பெயர்) மட்டும் குறிப்பிடுங்கள்.

அதற்கு முன் அந்தச் சாவிக்கே உரிய பாலிசியைத் திறந்து பார்ப்பது அவசியம். கணக்கின் ஐஏஎம் பாலிசிகள் இந்தச் சாவிக்கும் செல்லும் என்று அனுமதிக்கும் பகுதி, கன்சோலில் சாவி உருவாக்கும்போது இயல்பாகவே அதில் இருக்கும். அதை யாரேனும் நீக்கியிருந்தால், குரூப்பில் நீங்கள் என்ன எழுதினாலும் பலிக்காது. சாவியின் பாலிசியில் குரூப்பின் பெயரை நேரடியாக எழுதவும் வழியில்லை. அதற்குப் பதில் ஐஏஎம் பயனரையோ ரோலையோ எழுதலாம். நான் ஒரு முறை இது தெரியாமல் அரை நாளை இழந்தேன்.

கோப்புகளை ஏற்றுபவர்களுக்கு, கோப்பைப் பூட்டும் சாவியை உருவாக்கும் ‘ஜெனரேட் டேட்டா கீ’ அனுமதியும் தேவை. பெரிய கோப்புகள் பல பகுதிகளாகப் பிரிந்து ஏறும் என்பதால் அவர்களுக்கும் டிகிரிப்ட் வேண்டும். பிறகும் மறுப்பு வந்தால், கணக்கில் நடப்பவற்றைப் பதிவு செய்யும் கிளவுட்டிரெயிலில் தேடுங்கள்: கேஎம்எஸ் அழைப்புகள் 90 நாள் வரலாற்றில் இருக்கும், ஆனால் எஸ்3 கோப்பு இறக்கங்கள் நீங்கள் தனியாகப் பதிவை இயக்காதவரை அங்கே வராது.

கேட்டவர்

சாவியின் பாலிசியில் அந்தப் பகுதி அப்படியே இருந்தது. குரூப்பில் டிகிரிப்ட் சேர்த்த சில நிமிடங்களில் மெர்ச்சண்டைசர்கள் அனைவருக்கும் கோப்புகள் இறங்கிவிட்டன. பாட்டர்ன் கட்டிங் பிரிவுக்குப் போய்விட்டது. சாம்பிள் பிரிவினர் நான்கு நாட்களாக எதையும் ஏற்ற முடியவில்லை என்று சொல்லி வந்ததை இணையக் கோளாறு என்றே நினைத்திருந்தேன். அவர்களுக்கு ஜெனரேட் டேட்டா கீ அனுமதியும் டிகிரிப்டும் சேர்த்ததும் அதுவும் தீர்ந்தது. நிர்வாகி அனுமதி யாருக்கும் கொடுக்கப்படவில்லை. இருவருக்கும் மனமார்ந்த நன்றி.