ரோமின் நிலத்தடிக் கல்லறைகளில் சிலுவைக் காட்சி ஏன் இல்லை?

கேள்வி: ரோமில் சலாரியா சாலையிலுள்ள பிரிசில்லா நிலத்தடிக் கல்லறையின் ஓவியங்களில் நல்ல மேய்ப்பரும் (ஆட்டைச் சுமக்கும் மேய்ப்பராக இயேசு) விவிலியத் தீர்க்கதரிசி யோனாவும் இருக்க, இயேசு சிலுவையில் அறையப்பட்ட காட்சி மட்டும் காணப்படாதது ஏன்?

மறுமொழி 1: அன்று சிலுவை மரணம் அடிமைகளுக்கும் கலகக்காரர்களுக்கும் உரிய இழிவான தண்டனை, அக்காட்சி கலையில் பரவலானது 5ஆம் நூற்றாண்டுக்குப் பிறகுதான். இறந்தோரைக் கிடத்தும் இடத்தில், மீன் வயிற்றிலிருந்து மீண்ட யோனாவே உயிர்த்தெழும் நம்பிக்கையைச் சொல்லப் போதுமானவராக இருந்திருக்க வேண்டும்.

மறுமொழி 2: ஆட்டைத் தோளில் சுமக்கும் உருவம் கிறிஸ்தவர் அல்லாத ரோமானியரின் கலையிலும் உண்டு. பிரிசில்லாவின் கூரை ஓவியத்தில் நல்ல மேய்ப்பர் தாடியற்ற இளைஞராக, குட்டை அங்கியுடன், இருபுறமும் ஆடுகள் சூழ நிற்கிறார்.

கேள்வி கேட்டவர்: நன்றி. ஒளிந்து வாழவே இவற்றைத் தோண்டினார்கள் என்பது உண்மையா?

மறுமொழி 1: இல்லை. நகருக்குள் புதைக்கச் சட்டம் தடை விதித்ததால், வெளியே, தோண்டுவதற்கு எளிதான எரிமலைப் பாறையில் அடுக்கடுக்காகக் குழி வெட்டி, செங்கல்லாலோ பளிங்குப் பலகையாலோ அடைத்தார்கள்.